ஜூன் 30இல் ஓய்வு, ஜூலை 1இல் இன்கிரிமென்ட்: நடுவில் போன நான்கு வருடக் காசு

வாசகர் கேள்வி, 2025 ஜூன் 4

2019 ஜூன் 30 அன்று மத்திய அரசுப் பணியிலிருந்து ஓய்வு பெற்றேன். லெவல் 6, கடைசி அடிப்படைச் சம்பளம் 60,400. மறுநாள் ஜூலை 1, கூட வேலை பார்த்த எல்லாருக்கும் இன்கிரிமென்ட், அதாவது வருடாந்தரச் சம்பள உயர்வு, விழுந்தது. எனக்கு இல்லை. முழு 12 மாதம் உழைத்தவன் நான். என்னைப் போல ஒருவர் வழக்கில் ஜெயித்திருந்ததைக் காட்டி அப்போதே துறைக்கு மனு கொடுத்தேன். “அந்தத் தீர்ப்பு வழக்குப் போட்டவருக்கு மட்டும்” என்று இரண்டு வரியில் பதில் வந்தது. இப்போது எல்லாருக்கும் உண்டு என்கிறார்கள், ஆனால் 2023 மே முதல்தானாம். நடுவில் போன நான்கு வருடப் பணத்துக்கு யார் பொறுப்பு? கோர்ட்டுக்குப் போகலாமா?

ஜூன் 4, மதியம்

போகாதீர்கள். காரணம் நீளம், ராத்திரி எழுதுகிறேன். அதற்குள் வக்கீலுக்கு முன்பணம் கொடுத்துவிடாதீர்கள் ஐயா.

ஜூன் 4, இரவு

முதலில் என்னைப் பற்றி ஒரு வரி. நான் கணக்குப் பிரிவில் ஓய்வூதியக் கோப்புகளோடு காலம் தள்ளியவன். உங்களுக்கு வந்த அந்த இரண்டு வரிப் பதில் எனக்கு நன்றாகத் தெரியும். மேலிருந்து வார்த்தை வார்த்தையாக எழுதி வரும். பெயரையும் தேதியையும் மாற்றி அனுப்புவதுதான் கீழே உள்ளவர்களின் வேலை.

இப்போது கதை. அரசு ஊழியர் 60 வயது முடியும் மாதத்தின் கடைசி நாள் பிற்பகலில் ஓய்வு பெறுகிறார். இது அடிப்படை விதி 56. ஆறாவது ஊதியக்குழு வரும்வரை ஒவ்வொருவருக்கும் இன்கிரிமென்ட் மாதம் வேறு வேறாக இருந்தது, அதனால் இந்தச் சிக்கல் அங்கொன்றும் இங்கொன்றுமாகத்தான் வந்தது. 2006 முதல் எல்லாருக்கும் ஜூலை 1 என்று ஒரே தேதி ஆக்கினார்கள். கணக்குப் போட வசதிதான். ஆனால் ஜூன் 30 அன்று வீட்டுக்குப் போகிறவர்கள் அத்தனை பேரும் ஒரே குழியில் விழுந்தார்கள். ஏழாவது ஊதியக்குழு ஜனவரி 1 என்று இரண்டாவது தேதியைக் கொண்டுவந்தது. டிசம்பர் 31 ஆட்களும் அதில் சேர்ந்துகொண்டார்கள்.

அரசின் வாதம் எளிது: இன்கிரிமென்ட் சம்பளத்தின் பகுதி, சம்பளம் பணியில் இருப்பவருக்குத்தான், ஜூலை 1 அன்று நீ பணியில் இல்லை. 2005இல் ஆந்திர உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வும் இதையே ஏற்றுக்கொண்டது. ஊழியரின் வாதமும் எளிதுதான்: இன்கிரிமென்ட் வருகிற வருடத்துக்கான முன்பணம் இல்லை, போன வருட வேலைக்கான பலன். வேலை ஜூன் 30 மாலையோடு முடிந்துவிட்டது, ஜூலை 1 என்பது அதைக் கையில் கொடுக்கும் தேதி.

இரண்டாவது வாதத்தை ஜெயிக்க வைத்தது சென்னை உயர்நீதிமன்றம். சுங்கம், கலால் துறையில் உயர் அதிகாரியாக இருந்து 2013 ஜூன் 30 அன்று ஓய்வு பெற்ற ஐயம்பெருமாள் தொடுத்த வழக்கு. அரசு ஊழியர் வழக்குகளைக் கேட்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் தோற்று, உயர்நீதிமன்றத்துக்கு வந்து, 2017 செப்டம்பர் 15 அன்று ஜெயித்தார். ஓய்வூதியத்துக்காக மட்டும் ஒரு கற்பிதமான இன்கிரிமென்ட், அதாவது காகிதக் கணக்கில் மட்டும் ஒரு படி, சேர்க்கச் சொன்னார்கள். அரசு உச்ச நீதிமன்றம் போனது. 2018 ஜூலையில் தள்ளுபடி. சீராய்வு மனு போட்டது. 2019 ஆகஸ்டில் அதுவும் தள்ளுபடி.

இத்தோடு முடிந்தது என்றுதானே நினைப்போம்? ஐயம்பெருமாளுக்குக் கொடுத்தார்கள். மற்றவர்களுக்கு, உங்களுக்கு வந்த அதே இரண்டு வரி. ஒரே விதி, ஒரே தேதி, ஒரே கேள்வி. ஆனால் தீர்ப்பு ஒருவருடைய சொந்தச் சொத்து. எனக்கு அன்றும் இன்றும் எரிச்சல் தருவது இந்த இடம்தான். விதியில் சிக்கல் இருப்பது சகஜம். சிக்கல் தீர்ந்த பிறகும் ஒவ்வொரு கிழவரையும் தனித்தனியே நீதிமன்றத்துக்கு அனுப்பியது கோப்பில் எழுதி, கையெழுத்துப் போட்டு எடுத்த முடிவு.

ஜூன் 5

நேற்று பாதியில் விட்டேன். மிச்சம் இது.

2023 ஏப்ரல் 11 அன்று கர்நாடக மின் தொடரமைப்புக் கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் விஷயத்துக்குள் போய்த் தீர்ப்புச் சொன்னது. நன்னடத்தையோடு ஒரு வருடம் வேலை செய்து சம்பாதித்ததை, மறுநாள் பணியில் இல்லை என்பதற்காக மறுக்க முடியாது என்றது. ஆந்திர முழு அமர்வின் கருத்து அத்தோடு போனது. அடுத்த மாதம், மே 19 அன்று, சித்தராஜ் வழக்கில் மத்திய அரசு ஊழியர்களுக்கும் அதுவே என்றானது.

அப்புறம் அரசு, எல்லாருக்கும் பழைய பாக்கியோடு கொடுத்தால் தாங்காது என்று விளக்கம் கேட்டுப் போனது. 2024 செப்டம்பர் 6 அன்று இடைக்கால உத்தரவு. 2025 பிப்ரவரி 20 அன்று இறுதி உத்தரவு. அதைத் தொடர்ந்து போன மாதம் 20ஆம் தேதி பணியாளர் துறையின் சுற்றறிக்கை.

அவற்றின் சாரம் இது. உங்கள் மாதிரி வழக்கே போடாதவர்களுக்கு 2023 மே 1 முதல் கூடுதல் ஓய்வூதியம் உண்டு. அதற்கு முந்தைய காலத்துக்குக் கிடையாது. வழக்குப் போட்டு ஜெயித்து, அது மேல்முறையீட்டில் தொங்காமல் முடிந்தும் போயிருந்தால், அந்தத் தீர்ப்பில் உள்ளபடி. வழக்குப் போட்டு நிலுவையில் இருந்தவர்களுக்கு, மனுப் போட்ட மாதத்துக்கு முந்தைய 3 வருடம் வரை பாக்கி. இந்தக் கடைசி ஏற்பாடு சித்தராஜ் தீர்ப்புக்குப் பிறகு ஓடிப்போய் வழக்குப் போட்டவர்களுக்குப் பொருந்தாது. அவர்களும் 2023 மே வரிசையில்தான் நிற்க வேண்டும்.

அதனால்தான் போகாதீர்கள் என்றேன். இன்று வழக்குப் போட்டாலும் உங்களுக்குக் கிடைப்பது, போடாமலே கிடைக்கப்போகிற அதே பணம்தான். வக்கீல் செலவு தனி.

2019இல் கொடுத்த மனு கணக்கில் வராதா என்று கேட்பீர்கள். வராது. மனு வேறு, வழக்கு வேறு.

ஜூன் 5, சற்றுப் பிறகு

கணக்குக் கேட்டிருக்கிறீர்கள். 60,400க்கு அடுத்த படி 62,200. வித்தியாசம் 1,800. ஓய்வூதியம் கடைசிச் சம்பளத்தில் பாதி என்பதால் மாதம் 900. அதன் மேல் அகவிலைப்படி. 2023 மே, ஜூனில் 42 சதவீதம், அப்புறம் 46, 50, 53, இந்த ஜனவரி முதல் 55. போன மே மாதம் வரை கூட்டினால் 33,777 ரூபாய் பாக்கி வர வேண்டும். அகவிலைப்படி அடுத்து உயரும்வரை மாதம் 1,395. கம்யூட்டேஷன் (ஓய்வூதியத்தில் ஒரு பகுதியை முன்கூட்டியே மொத்தமாக வாங்குவது), கிராஜுவிட்டி (பணிக்கொடை), விடுப்புச் சம்பளம் எதுவும் திரும்பக் கணக்கிடப்படாது. கற்பித இன்கிரிமென்ட் மாத ஓய்வூதியத்துக்கு மட்டும்தான்.

போனது: 2019 ஜூலை முதல் 2023 ஏப்ரல் வரை 46 மாதம், மாதம் 900. அகவிலைப்படி இல்லாமலே 41,400.

80 வயதில் அடிப்படை ஓய்வூதியத்தில் 20 சதவீதம் கூடுதலாக வரும், அப்போது இந்த 900க்கும் அது சேரும். ஆகவே சின்னத் தொகை என்று விட்டுவிடாதீர்கள். மனிதர் நீண்ட நாள் இருந்தால் சின்னத் தொகையும் வளரும்.

ஜூன் 9

“அகவிலைப்படி என்றதும் ஞாபகம் வந்தது, அந்த 18 மாதம்?” என்று ஒருவர். கொரோனா காலத்தில் 2020 ஜனவரி முதல் 2021 ஜூன் வரை மூன்று தவணை நிறுத்தி வைத்தார்கள். 17 சதவீதத்திலேயே நின்றது. 2021 ஜூலையில் ஒரே தாவாக 28 ஆக்கினார்கள், இடைக்காலப் பாக்கி கிடையாது என்று அரசு சொல்லிவிட்டது. சங்கங்கள் இன்னும் ஒவ்வொரு தீர்மானத்திலும் அதைக் கடைசிக் கோரிக்கையாக எழுதுகின்றன. நான் அந்தப் பணத்தை மனதில் செலவு கணக்கில் எழுதிவிட்டேன்.

ஜூன் 12

கொஞ்சம் சிரிக்க. ஏன் இவ்வளவு பேர் மே 31இலும் ஜூன் 30இலும் ஓய்வு பெறுகிறார்கள்? வருடம் முழுக்கத்தானே பிள்ளைகள் பிறக்கின்றன?

எங்கள் தலைமுறையில் பிறந்த தேதியை எழுதியது அப்பா அம்மா இல்லை, ஊர்ப் பள்ளியின் ஹெட்மாஸ்டர். ஜூனில் பள்ளி திறக்கும், ஐந்து வயது முடிந்திருக்க வேண்டும். கையைத் தலைக்கு மேலாகச் சுற்றிக் காதைத் தொடச் சொல்வார். தொட்டுவிட்டால் மே மாதத்திலோ ஜூன் தொடக்கத்திலோ கைக்கு வந்த ஒரு தேதி. அவர் பேனாவின் போக்கில் அரை நூற்றாண்டு கழித்து ஒருவருக்கு இன்கிரிமென்ட் போகிறது. எங்கள் பிரிவில் பணிப்பதிவேடுகளைப் புரட்டினால் மே, ஜூன் பிறந்தநாள்கள் குவிந்து கிடக்கும். ஒரே ஊர்க்காரர்கள் மூன்று பேருக்கு ஒரே பிறந்தநாள் இருந்ததைப் பார்த்திருக்கிறேன். சொந்தக்காரர்கள் கூட இல்லை.

இன்னொரு விநோதம்: மாதத்தின் முதல் தேதியில் பிறந்தவர் முந்தைய மாதக் கடைசியில் ஓய்வு பெறுவார். ஆகவே ஜூலை 1 பிறந்தவரும் ஜூன் 30 ஆள்தான். ஜூன் 1 பிறந்தவர் மே 31.

நான் ஜூன் 1. வீட்டில் கேட்டால் ஐப்பசி அடைமழையில் பிறந்தாய் என்பார்கள்.

ஜூன் 13

மே 31 ஆட்களுக்கு உண்டா என்று உடனே கேள்வி. இல்லை. சுற்றறிக்கை ஜூன் 30, டிசம்பர் 31 என்ற இரண்டு தேதிகளோடு நிற்கிறது. எனக்கு இந்த விவகாரத்தில் ஒரு பைசா லாபமில்லை.

ஆனால் யோசித்துப் பார்த்தால் மே 31காரன் புலம்பவும் நியாயம் இருக்கிறது. பணியில் இருப்பவருக்கு ஜூலை 1 அன்று 6 மாதச் சேவை இருந்தாலே இன்கிரிமென்ட் உண்டு என்றுதான் ஆறாவது ஊதியக்குழு விதி. ஓய்வு பெறுபவனுக்கு மட்டும் 11 மாதம் போதாது. உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது முழு வருட வேலை என்ற வாதத்தை. அதே வாதம் எங்களை வெளியே நிறுத்துகிறது. சரி, எங்கேயாவது ஒரு கோடு போட்டுத்தானே ஆக வேண்டும் என்று தேற்றிக்கொள்கிறேன். கோட்டுக்கு அந்தப் பக்கம் நிற்பவன் இதைச் சொல்வதுதான் கஷ்டம்.

ஜூன் 20

மாநில அரசு ஊழியர் ஒருவர்: “எங்களுக்கும் இதே சண்டையா?”

தமிழ்நாட்டில் இன்கிரிமென்ட் ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் என்று காலாண்டுக்கு ஒரு முதல் தேதி. அதனால் மார்ச் 31, ஜூன் 30, செப்டம்பர் 30, டிசம்பர் 31 எல்லாமே ஆபத்தான தேதிகளாக இருந்தன. ஆனால் மாநில அரசு 2014 டிசம்பர் 31 அன்றே நிதித்துறை அரசாணை 311 மூலம் ஒரு கற்பித இன்கிரிமென்ட் கொடுக்க ஒப்புக்கொண்டது. மத்திய அரசு அதே இடத்துக்கு வர இன்னும் பத்து வருடம் ஆனது.

அந்த அரசாணைக்கு முன்னால் பாலசுப்பிரமணியம் என்பவர் வழக்கில் சென்னை உயர்நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லியிருந்தது. 2002 ஏப்ரல் 1 முதல் 2003 மார்ச் 31 வரை ஒரு முழு வருடம் வேலை செய்தாரா இல்லையா என்பதுதான் கேள்வி என்று அதைப் பிட்டு வைத்தது. ஐயம்பெருமாள் வழக்கில் கை கொடுத்ததும் அந்தத் தீர்ப்புதான். ஒரு மாநில ஊழியர் தன் காசுக்காகப் போட்ட வழக்கு, நாடு முழுக்க மத்திய அரசு ஓய்வூதியர்களுக்குப் பலன் தந்திருக்கிறது.

2003 ஏப்ரல் 1 அன்றோ அதற்குப் பிறகோ சேர்ந்த மாநில ஊழியர்கள், இந்த 2025 ஜூன் நிலவரப்படி, பங்களிப்பு ஓய்வூதியத் திட்டத்தில் இருக்கிறார்கள், அங்கே கடைசிச் சம்பளத்தில் பாதி என்ற பேச்சே இல்லாததால் இந்தக் கணக்கும் இல்லை. அது தனி இழைக்கு உரிய சண்டை, இங்கே இழுக்காதீர்கள்.

ஜூலை 2

நேற்று ஜூலை 1. எதிர் வீட்டுக்காரர் முந்தாநாள் ஓய்வு பெற்றார். மாலையும் பொன்னாடையுமாக வந்து இறங்கியவரிடம் முதலில் இந்தச் சுற்றறிக்கையின் நகலைக் கொடுத்தேன். “இன்று ஒரு நாளாவது விடுங்கள் சார்” என்றார்.

ஜூலை 11

கேள்வி கேட்டவர் மறுபடியும் வந்திருக்கிறார், கோபத்தோடு. “வழக்குப் போட்டவனுக்கு 3 வருடப் பாக்கி, சட்டத்தை நம்பி வீட்டில் உட்கார்ந்தவனுக்கு இல்லை. இதுதான் நீதியா?”

ஜூன் 5இல் நான் இதைத் தொடாமல் போய்விட்டேன், ஏனென்றால் என் மனதில் அப்போது இருந்தது வேறு கருத்து. அலுவலகத்தில் இருந்தபோது, இறங்கிப் போராடியவனுக்குக் கொஞ்சம் கூடக் கிடைக்கட்டுமே என்றுதான் நினைப்பேன். நீதிமன்றங்களும் இப்படிப் பார்ப்பது புதிதில்லை. தர்செம் சிங் என்ற ராணுவ வீரரின் ஊன ஓய்வூதிய வழக்கில், 2008இல் உச்ச நீதிமன்றம் ஒன்று சொன்னது: ஓய்வூதியக் குறைவு மாதாமாதம் தொடரும் தவறு, அதனால் தாமதமாக வந்தாலும் வழக்கு நிற்கும், ஆனால் பாக்கி 3 வருடத்துக்கு மேல் கிடைக்காது. அவர் 1983இல் பணியிலிருந்து விடுவிக்கப்பட்டு 1999இல் வழக்குப் போட்டவர். 2014இல் அரவிந்த் குமார் ஸ்ரீவஸ்தவா வழக்கிலும், ஒருவர் ஜெயித்தால் அதே நிலையில் உள்ள எல்லாருக்கும் கொடுப்பதுதான் இயல்பு, ஆனால் சும்மா இருந்துவிட்டு மற்றவர் ஜெயித்ததும் எழுந்து வருகிறவருக்கு அப்படியே கிடைத்துவிடாது என்று சொல்லியிருக்கிறார்கள்.

கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. பந்திக்கு முந்து என்பதுபோல.

ஆனால் இப்போது ஓய்வூதியர் பக்கம் உட்கார்ந்து பார்க்கும்போது அவ்வளவு திருப்தியாக இல்லை. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் மனுக் கட்டணம் 50 ரூபாய்தான், அது பிரச்சினையில்லை. வக்கீல், பயணம், காகிதம், அப்புறம் மனுப் போட வேண்டும் என்று தெரிந்திருப்பது! எழுபது தாண்டியவர், சின்ன ஊரில் இருப்பவர், துறையிடம் கேட்டு “உனக்குப் பொருந்தாது” என்று எழுத்தில் வாங்கியவர். அவரைச் சும்மா இருந்தவர் என்று சொல்ல முடியுமா? அவர் கேட்டார், அரசு இல்லை என்றது, அவர் அரசை நம்பினார். நம்பியதற்குத் தண்டனை 46 மாதம்.

அதுவும் சும்மா நம்பவில்லை. உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்த பிறகும் இல்லை என்று எழுதிய அரசை நம்பினார். ஆகவே உங்கள் கோபம் சரிதான் ஐயா. வழி இல்லை என்பது வேறு விஷயம்.

ஜூலை 12

மேலே உள்ளதைப் படித்துவிட்டுச் சங்கத் தோழர் ஒருவர், “அரசு எல்லாருக்கும் பாக்கி கொடுத்தால் கஜானா தாங்குமா, பொறுப்பாகப் பேசுங்கள்” என்கிறார். தோழர், நீங்கள் எந்தச் சங்கம்?

ஜூலை 24

இழை வேறு பக்கம் போகிறது, போகட்டும். கேட்டவர்: ஓய்வு பெற்று எட்டு மாதம் ஆகிறது, 2010இல் சம்பளம் தவறாக நிர்ணயித்துவிட்டோம், கூடுதலாக வாங்கியதைத் திருப்பிக் கட்டு என்று கடிதம் வந்திருக்கிறது.

கட்டாதீர்கள். முதலில் பதில் எழுதுங்கள். பஞ்சாப் அரசு எதிர் ரஃபீக் மஸீஹ், உச்ச நீதிமன்றம், 2014 டிசம்பர் 18. எந்தெந்தச் சூழலில் பிடித்தம் கூடாது என்று அதில் ஐந்து சொல்லியிருக்கிறார்கள். உங்களுக்குத் தேவையானவை இரண்டு: ஓய்வு பெற்றவரிடமோ ஒரு வருடத்துக்குள் ஓய்வு பெறப்போகிறவரிடமோ பிடிக்கக் கூடாது, பிடித்தம் உத்தரவிடும் நாளுக்கு முன் 5 வருடத்துக்கு மேல் தவறாகக் கொடுத்து வந்திருந்தால் பிடிக்கக் கூடாது. மூன்றாம், நான்காம் நிலை ஊழியராக இருந்திருந்தால் இன்னொரு காரணமும் கிடைக்கும். ஊழியர் ஏமாற்றியோ பொய்த் தகவல் கொடுத்தோ வாங்கியிருந்தால் இதெல்லாம் செல்லாது. பணியாளர் துறை 2016 மார்ச் 2 அன்று இதைச் சுற்றறிக்கையாகவே வெளியிட்டிருக்கிறது. 2022இல் கேரள ஆசிரியர் தாமஸ் டேனியல் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் இதே வழியில் போய் அவரைக் காப்பாற்றியது.

இது எனக்கே நடந்தது. ஓய்வுக்கு முந்தைய மாதங்களில் தணிக்கைக் குழு என் பதவி உயர்வுச் சம்பள நிர்ணயத்தில் ஒரு படி அதிகம் என்று எழுதியது. நிர்ணயித்தது நான் இல்லை, எனக்கு மேலே இருந்தவர். சரிபார்த்தது இதே தணிக்கையின் முந்தைய குழு. தொகை லட்சத்துக்குச் சற்றுக் கீழே. அந்த அளவுக்குக் கிராஜுவிட்டியில் நிறுத்தி வைத்தார்கள். நான் மேலே சொன்ன சுற்றறிக்கையை இணைத்துப் பதில் கொடுத்தேன். எங்கள் பிரிவில் எல்லாருக்கும் அதை நான்தான் சொல்லிக்கொடுத்தவன் என்பதால் யாரும் வாதாடவில்லை. “நீங்கள் சொல்வது சரி சார், ஆனால் ஃபைல் மேலே போக வேண்டும்.”

அந்த “மேலே” எங்கே என்று தெரிந்துகொள்ளுங்கள். பிடித்தத்தைக் கைவிட, 2016 சுற்றறிக்கையின்படி, செலவினத் துறையின் ஒப்புதல் வேண்டும். கீழே யாருக்கும் தைரியமாகக் கையெழுத்துப் போட்டு முடிக்க அதிகாரமில்லை. தணிக்கை ஆட்சேபம் எழுதியவருக்கு அது ஒரு பத்தி. அந்தப் பத்தியைக் கரைக்க டெல்லிக்குப் போய்வர வேண்டும். கீழே இருப்பவருக்குச் சுலபமான வழி, ஓய்வு பெற்றவரிடம் “கட்டிவிடுங்களேன் சார், மிச்சத்தை உடனே விட்டுவிடுகிறோம்” என்பது. பெரும்பாலானவர்கள் கட்டிவிடுவார்கள். பெண் கல்யாணம், வீட்டுக்கடன், ஏதாவது ஒன்று இருக்கும்.

எனக்குக் கடைசியில் வந்தது. வட்டி வரவில்லை. நிர்வாகத் தாமதத்தால் கிராஜுவிட்டி ஓய்வு நாளிலிருந்து 3 மாதம் தாண்டினால் சேமநல நிதி வட்டி விகிதத்தில் வட்டி தர வேண்டும் என்று ஓய்வூதிய விதியே சொல்கிறது. கேட்டிருக்கிறேன். வட்டி கொடுத்தால் யாரால் தாமதம் என்று பொறுப்பு நிர்ணயிக்க வேண்டும், அதனால்தான் எவரும் வட்டிக் கோப்பைத் தொட விரும்புவதில்லை.

ஜூலை 25

மேலே உள்ளதற்கு ஒரு எச்சரிக்கை சேர்க்கிறேன், இல்லையென்றால் என்னைத் திட்டுவீர்கள். 2016இல் ஜக்தேவ் சிங் வழக்கு என்று ஒன்று வந்தது. புதிய சம்பள விகிதத்தைத் தேர்ந்தெடுக்கும்போது “அதிகம் வாங்கியிருந்தால் திருப்பிக் கொடுக்கிறேன்” என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்தவரிடம் பிடிக்கலாம் என்றது. பிரச்சினை என்னவென்றால் ஊதியக்குழு வரும்போதெல்லாம் அந்த உறுதிமொழி விருப்பப் படிவத்தோடேயே ஒட்டி வரும். கையெழுத்துப் போடாமல் புதிய சம்பளம் வாங்க முடியாது. அத்தனை பேரும் போட்டிருப்போம். உங்கள் கடிதத்தில் “உறுதிமொழியின்படி” என்ற சொல் இருக்கிறதா பாருங்கள். இருந்தால், அந்த வழக்குக்காரர் நீதித்துறை அதிகாரி, நீங்கள் கீழ்நிலை ஊழியர் என்ற வேறுபாட்டைக் காட்டி எழுத வேண்டியிருக்கும். அதற்கு வக்கீல் வேண்டும். இந்த இடத்தில் மட்டும் செலவு செய்வது தப்பில்லை.

ஆகஸ்ட் 8

“பென்ஷன் பிச்சை இல்லை, நகாரா தீர்ப்பு இருக்கும்வரை நம்மை ஒன்றும் செய்ய முடியாது” என்று பெரியவர் ஒருவர் எழுதியிருக்கிறார். டிசம்பர் 17 ஓய்வூதியர் தினக் கூட்டங்களில் இந்த வசனத்துக்குக் கைதட்டல் நிச்சயம்.

நகாரா 1972இல் ஓய்வு பெற்றவர். 1979 மார்ச் 31 அன்றோ அதற்குப் பிறகோ ஓய்வு பெறுபவர்களுக்கு மட்டும் நல்ல சூத்திரம், மற்றவர்களுக்குப் பழையது என்று அரசு கோடு போட்டது. 1982 டிசம்பர் 17 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு, ஓய்வூதியர்களைத் தேதியால் இப்படி இரண்டாக வெட்டுவது சமத்துவத்துக்கு விரோதம் என்று அந்தக் கோட்டை அழித்தது. பிச்சை இல்லை என்பதை அதற்கும் முன்னால், 1971இல், தேவகிநந்தன் பிரசாத் வழக்கிலேயே சொல்லியாகிவிட்டது. 2013இல் ஜார்க்கண்ட் வழக்கு ஒன்றில் அது சொத்து, சட்ட ஆதாரமில்லாமல் நிறுத்த முடியாது என்றும் வந்தது.

ஆனால் பெரியவரே, இந்த மார்ச் மாதம் நிதி மசோதாவோடு சேர்ந்து போன பகுதியைப் பார்த்தீர்களா? ஓய்வு பெற்ற தேதியை வைத்து ஓய்வூதியர்களை வகை பிரிக்கும் அதிகாரம் மத்திய அரசுக்கு எப்போதும் இருந்ததாகக் கொள்ள வேண்டும் என்று சட்டமாக்கியிருக்கிறார்கள். 1972 ஜூன் 1 முதல் அமல். இப்போதைய ஓய்வூதியம் எதையும் இது மாற்றாது என்று நிதியமைச்சர் நாடாளுமன்றத்தில் சொன்னார். மாற்றவில்லைதான். எட்டாவது ஊதியக்குழு வரும்போது பழையவர்களுக்கும் புதியவர்களுக்கும் ஒரே உயர்வா என்ற கேள்வி வரும்; அன்று நகாராவைத் தூக்கிக்கொண்டு போனால், எதிரில் இந்தச் சட்டத்தைத் தூக்கி வைப்பார்கள். தீர்ப்பை மட்டும் நம்பிக் கைதட்டிக்கொண்டிருக்கும் சங்கங்கள் இதைப் பற்றி உறுப்பினர்களிடம் விளக்கியதாக எனக்குத் தெரிந்த வட்டத்தில் காணோம்.

ஐயம்பெருமாள் விஷயத்தில் அரசு ஒரு தீர்ப்பை ஒருவருக்கு மட்டும் என்று சுருக்கியது. இங்கே ஒரு தீர்ப்பின் அடித்தளத்தையே சட்டத்தால் மாற்றப் பார்க்கிறது. முதலாவதை எதிர்த்துத் தீர்ப்பாயம் போகலாம். இரண்டாவது நாடாளுமன்றம் செய்தது.

ஆகஸ்ட் 9

அரசியல் பேசாதீர்கள் என்று மூன்று பேர். ஓய்வூதியம் வேறு எதைப் பற்றியதாம்?

செப்டம்பர் 3

கேள்வி கேட்டவருக்குத் திருத்திய பி.பி.ஓ. (ஓய்வூதியம் வழங்கும் ஆணை) வந்துவிட்டது. “வங்கியில் இன்னும் பழைய தொகைதான், என்ன செய்ய?”

வழி இது. உங்கள் பழைய அலுவலகத் தலைவர் சம்பளக் கணக்கு அலுவலகத்துக்கு அனுப்ப, அங்கிருந்து மத்திய ஓய்வூதியக் கணக்கு அலுவலகம் போய், அது வங்கியின் மையப் பிரிவுக்கு ஆணை அனுப்பும். உங்கள் கிளையில் இருக்கும் பெண்ணால் ஒன்றும் செய்ய முடியாது, அவரிடம் கத்தாதீர்கள். மையப் பிரிவுக்குப் பி.பி.ஓ. நகலோடு ஒரு கடிதம்.

பணம் விழுந்ததும் மூன்று விஷயம் பாருங்கள். அடிப்படை ஓய்வூதியம் 31,100 என்று இருக்கிறதா. அமல் தேதி 2023 மே 1 தானா. சில இடங்களில் ஆணை தேதியையே போட்டுவிடுகிறார்கள். கம்யூட்டேஷன் பிடித்தம் பழைய தொகையாகவே இருக்கிறதா. புது ஓய்வூதியத்தில் 40 சதவீதம் என்று கணக்கிட்டுக் கூடுதலாகப் பிடித்தால் உடனே எழுதுங்கள், ஏனென்றால் அந்தக் கூடுதலுக்கான மொத்தத் தொகை உங்களுக்குத் தரப்படவே இல்லை.

பாக்கி ஒரே மாதத்தில் வருவதால் வருமான வரி கூடுதலாகத் தோன்றலாம். பிரிவு 89 நிவாரணம் இருக்கிறது, கணக்குத் தாக்கல் செய்வதற்கு முன்பே படிவம் 10ஈ ஆன்லைனில் போட வேண்டும். முப்பத்துச் சொச்ச ஆயிரத்துக்கு அது தேவைப்படாமலும் போகலாம்.

கடிதத்தை நேரில் கொடுத்தால் நகலில் பெற்றுக்கொண்ட முத்திரையும் தேதியும் வாங்குங்கள். “சார், வைத்துவிட்டுப் போங்கள், நான் பார்த்துக்கொள்கிறேன்” என்று எவ்வளவு அன்பாகச் சொன்னாலும் வாங்காமல் நகராதீர்கள்.